மயக்க டாக்டருக்கு ஒரு கடிதம்

வணக்கம் டாக்டர்,

என்னை உங்களுக்கு ஞாபகம் இருக்காது. பித்தப்பைக் கல், போன செவ்வாய் முதல் கேஸ். டிஸ்சார்ஜ் சீட்டில் சர்ஜன் பெயர் கொட்டை எழுத்தில் இருக்கிறது. உங்கள் பெயரைத் தேடவேண்டியிருந்தது.

ஆபரேஷன் மேஜையில், ஊசியில் இருந்த மருந்தைப் பார்த்து "பால் மாதிரி இருக்கே?" என்றேன். "புரோபோஃபால், மயக்க மருந்து. கை கொஞ்சம் எரியும், பத்திலிருந்து கீழே எண்ணுங்க" என்றீர்கள். எரிந்தது. எட்டு வரை சொன்னேன். அடுத்த நொடி யாரோ கன்னத்தைத் தட்டிப் பேர் சொல்லிக் கூப்பிடுகிறார்கள். சுவர்க் கடிகாரத்தில் இரண்டு மணி நேரம் ஓடியிருக்கிறது!

தூக்கம் இப்படியில்லை. பஸ்ஸில் கண்ணயர்ந்தால்கூட, கொஞ்ச நேரம் போயிருக்கும் என்று உள்ளுக்குள் ஒரு கணக்கு ஓடும். இங்கே எட்டுக்கும் அந்தத் தட்டலுக்கும் நடுவில் இருட்டுகூட இல்லை. இருட்டைப் பார்க்கவும் ஓர் ஆள் வேண்டுமே.

மறுநாள் நீங்கள் வார்டுக்கு வந்தபோது, "மூளையை ஆஃப் பண்ணிட்டீங்களா?" என்று கேட்டேன். "ஆஃப் எல்லாம் இல்லை. அது பாட்டுக்கு வேலை செய்யும். ஒரு பகுதி இன்னொரு பகுதியோடு பேசுறதுதான் நின்னுபோகும்" என்று சொல்லிவிட்டு அடுத்த கட்டிலுக்குப் போய்விட்டீர்கள்.

அந்தப் பதில் என்னை விடவில்லை. வீட்டுக்கு வந்து படித்தேன். மூளையில் சுமார் 8,600 கோடி நியூரான்கள், அதாவது நரம்பு செல்கள். அதில் 6,900 கோடி பின்னந்தலைச் சிறுமூளையில். ஆனால் அந்தச் சிறுமூளையே இல்லாமல் பிறந்தவர்கள் இருக்கிறார்கள். நடை தள்ளாடும், பேச்சு குழறும். மற்றபடி பார்க்கிறார்கள், சிரிக்கிறார்கள், வலித்தால் துடிக்கிறார்கள். அப்படியென்றால் தலைக்கணக்கில் விஷயம் இல்லை. நீங்கள் சொன்ன அந்தப் பேச்சில்தான் ஏதோ இருக்கிறது.

அப்புறம் ஒரு பந்தயம். நனவு, அதாவது உணர்வோடு இருப்பது, மூளையில் எந்த நரம்புகளின் வேலை என்பதை 25 வருஷத்துக்குள் கண்டுபிடித்துவிடுவோம் என்று 1998-ல் கிறிஸ்டோஃப் காக் என்ற மூளை விஞ்ஞானி, தத்துவப் பேராசிரியர் டேவிட் சால்மர்ஸிடம் ஒயின் பந்தயம் கட்டினார். 2023-ல் நியூயார்க்கில், எல்லோர் முன்னாலும் தோல்வியை ஒப்புக்கொண்டு ஒயினைக் கொடுத்தார். அந்த மனிதரை எனக்குப் பிடித்துப்போயிற்று.

சரி, காக் நாளைக்கே கண்டுபிடித்துவிடுகிறார் என்றே வைத்துக்கொள்வோம். நரம்புக்குள் சோடியம் புகுகிறது, பொட்டாசியம் வெளியேறுகிறது. அதற்கு ஏன் எனக்கு 'ஸ்ஸ்' என்று எரிய வேண்டும்? உப்புக்கும் எரிச்சலுக்கும் நடுவில் என்ன நடக்கிறது? சால்மர்ஸ் குடைந்துகொண்டிருப்பது இதைத்தான்.

உங்களிடம் கேட்க ஒன்று இருக்கிறது. தினமும் நாலைந்து பேரை அனுப்பிவைத்துத் திரும்பக் கூட்டிவருகிறீர்கள். கண் திறப்பதற்கு முன்னாலேயே 'ஆள் வந்துட்டார்' என்று உங்களுக்குத் தோன்றுமா? எதை வைத்து?

வெள்ளிக்கிழமை தையல் பிரிக்க வருகிறேன். ஐந்து நிமிஷம் போதும்.