ஆக்சிஜன் குறைந்தால் எந்தப் பக்கம் படுக்க வைப்பது?

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

போன ஞாயிற்றுக்கிழமை உங்கள் நலவாழ்வுப் பக்கத்தில் வந்த நுரையீரல் கட்டுரையை இரண்டு தடவை படித்தேன். நல்ல எண்ணத்தோடுதான் எழுதியிருக்கிறார்கள். ஆனால் ரத்தத்தில் ஆக்சிஜன் குறைந்தால் உள்ளே காற்று போதவில்லை என்று அர்த்தம், ஆழமாக மூச்சை இழுத்தால் சரியாகிவிடும் என்று ஒரு வரி இருந்தது பாருங்கள், அதைப் படித்ததிலிருந்து மனசு கேட்கவில்லை. முப்பது வருடத்துக்கு மேல் நர்ஸாக வேலை பார்த்து ஓய்வு பெற்றவள் நான், அதில் பாதிக்காலம் நெஞ்சக நோய் வார்டில். காற்று தாராளமாகப் போய்க்கொண்டிருக்கும்போதே உதடு நீலம் பாரித்துக் கிடந்தவர்களை இந்தக் கையால் பிடித்துத் திருப்பிப் படுக்க வைத்திருக்கிறேன்.

எங்கள் வீட்டிலேயே நடந்ததைச் சொல்கிறேன். போன மழைக்காலத்தில் என் அண்ணனுக்கு வலது பக்கம் நிமோனியா. ஒரு தனியார் மருத்துவமனையில் சேர்த்தோம், இரவில் துணைக்கு நான் இருந்தேன். கொஞ்சம் கண்ணயர்ந்து எழுந்தால் மானிட்டரில் ரத்த ஆக்சிஜன் அளவு 86 சதவீதம். அண்ணன் சுவர்ப் பக்கமாக, வலது பக்கம் சரிந்து படுத்திருக்கிறார், மாஸ்க் சரியாகத்தான் இருக்கிறது, நெஞ்சு வேகவேகமாக ஏறி இறங்குகிறது. டியூட்டி சிஸ்டர் சின்னப்பெண், ஓடி வந்து ஆக்சிஜனைக் கூட்டினார். நிமிடத்துக்கு 4 லிட்டரிலிருந்து 8 வரைக்கும் போயாயிற்று, 88-க்கு மேல் ஏறவில்லை. ‘பாப்பா, இவரை இடது பக்கம் திருப்பிப் படுக்க வைத்துப் பார்க்கலாமா, டாக்டரிடம் ஒரு வார்த்தை கேள்’ என்றேன். கேட்டுவிட்டு வந்தார், இரண்டு பேருமாகத் திருப்பி, முதுகுக்கு ஒரு தலையணை முட்டுக் கொடுத்தோம். பத்து நிமிடம் நின்று பார்த்துக்கொண்டே இருந்தேன். 90, 91, அப்புறம் 93-இல் நின்றது. அதே மனிதர், அதே ஆக்சிஜன், படுத்திருந்த பக்கம் மட்டும் மாறியது. இதை யாருமே முன்கூட்டிச் சொல்லவில்லையே, கேஸ் ஷீட்டிலும் ஒரு வரி இல்லையே என்று எனக்கு வருத்தமாகத்தான் இருந்தது. அந்தப் பெண் மேல் எனக்குக் கோபமில்லை, ஒருத்தியாக இருபது பேரைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

சரி, ஏன் அப்படி ஆனது? பள்ளிக்கூடத்தில் சுவாசம் ஒரு பாடம், ரத்த ஓட்டம் இன்னொரு பாடம் என்று தனித்தனியாகப் படித்துவிட்டு வருகிறோம், இரண்டும் சேருகிற இடத்தை யாரும் நிறுத்திச் சொல்லித் தருவதில்லை. நுரையீரலுக்குள் கோடிக்கணக்கான காற்று நுண்ணறைகள் இருக்கின்றன, சுமார் 30 கோடி என்று எங்களுக்குச் சொல்லித் தந்தார்கள். சும்மா உட்கார்ந்திருக்கும்போது நிமிடத்துக்கு ஏறக்குறைய 4 லிட்டர் காற்று அந்த அறைகளுக்குள் போய் வருகிறது, அவற்றை ஒட்டி ஓடும் நுண்குழாய்கள் வழியாக ஏறக்குறைய 5 லிட்டர் ரத்தம் போகிறது. ரத்தம் ஒரு நுண்ணறையைத் தொட்டுக்கொண்டு போகும் நேரம் முக்கால் நொடி. அதில் முதல் கால் நொடியிலேயே ஆக்சிஜனை வாங்கிவிடும், அவ்வளவு கச்சிதமான ஏற்பாடு. ஆனால் காற்று வருகிற அறைக்கே ரத்தமும் வந்தாக வேண்டும். நான் கும்பகோணத்துக்காரி, எனக்கு வயல்தான் ஞாபகம் வரும். வாய்க்காலில் தண்ணீர் நிறைய ஓடுகிறது, நாற்றும் கட்டுக்கட்டாக வந்து இறங்கியிருக்கிறது. தண்ணீரெல்லாம் கிழக்கு வயலுக்கும் நாற்றெல்லாம் மேற்கு வயலுக்கும் போனால் என்ன விளையும்?

நல்ல நுரையீரலில்கூட இந்தப் பங்கீடு முழுக்கச் சமமாக இருக்காது. நிமிர்ந்து உட்கார்ந்திருந்தால் ரத்தம் கனத்தால் கீழே இறங்கும், காற்றும் கீழ்ப்பகுதிக்குத்தான் அதிகம் போகும், ஆனால் ரத்தத்தில் மேலுக்கும் கீழுக்கும் இருக்கும் வித்தியாசம் ரொம்பப் பெரியது. லண்டனில் ஹாமர்ஸ்மித் மருத்துவமனையில் 1960 வாக்கில் ஜான் வெஸ்ட் என்ற மருத்துவரும் கூட இருந்தவர்களும் இதை அளந்து காட்டினார்கள். கதிரியக்கம் உள்ள ஒருவகை ஆக்சிஜனை அங்கேயே தயாரித்து (இரண்டு நிமிடத்தில் அது பாதியாகக் குறைந்துவிடும், வெளியூரிலிருந்து கொண்டுவர முடியாது), அது கலந்த வாயுவைச் சுவாசிக்கச் சொல்லி நெஞ்சின் மேல் கருவிகளை வைத்துப் பார்த்தார்கள். நுரையீரலின் உச்சியில் ரத்த ஓட்டம் மிகவும் குறைவு. அதனால் அங்கே காற்றில் ஆக்சிஜன் செலவாகாமல் கூடுதலாகத் தங்குகிறது. பெரியவர்களுக்கு வரும் காசநோய் மேல்பகுதியையே பிடித்துக்கொள்வதற்கு இதைத்தான் ஒரு காரணமாகச் சொல்வார்கள்.

இதைச் சரிக்கட்ட உடம்பு வைத்திருக்கும் வழியை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு ஆச்சரியமாக இருக்கும். உடம்பில் வேறெங்கே ஆக்சிஜன் குறைந்தாலும் அந்த இடத்து ரத்தக்குழாய் விரியும், கூடுதல் ரத்தம் வரட்டும் என்று. நுரையீரலில் தலைகீழ். எந்த நுண்ணறையில் ஆக்சிஜன் குறைகிறதோ அந்தப் பக்கம் போகும் சின்னத் தமனி தானாகச் சுருங்கும், ரத்தம் காற்றுள்ள பக்கம் திரும்பும். நாற்று இல்லாத வயலின் மடையை அடைத்து நாற்று இருக்கிற வயலுக்குத் தண்ணீரைத் திருப்பிவிடுவது மாதிரி. 1946-இல் ஸ்டாக்ஹோமில் வான் ஆய்லர், லில்யெஸ்ட்ராண்ட் என்ற இருவர் பூனைகளில் இதைக் காட்டினார்கள். வான் ஆய்லருக்குப் பிற்பாடு 1970-இல் வேறு ஒரு கண்டுபிடிப்புக்காக நோபல் பரிசு கிடைத்தது. காற்றுப் பக்கமும் இப்படி ஒன்று உண்டு: ரத்தம் வராத பகுதியில் கரியமில வாயு குறையும், அங்கே போகும் மூச்சுக்குழல் கொஞ்சம் இறுகும், காற்று வேறு பக்கம் போகும்.

ஆனால் இந்த மடை முழுக்க அடைபடாது, நிமோனியா வீக்கத்தில் இன்னும் தளர்ந்துபோகும். அண்ணனுக்கு ஆனது அதுதான். சீழும் நீரும் நிறைந்த வலது நுரையீரல் கீழே இருந்தது, ரத்தம் கனத்தால் அங்கேயே போய்க்கொண்டிருந்தது, போய் ஆக்சிஜன் வாங்காமலே திரும்பி வந்தது. நல்ல நுரையீரல்தான் ஒன்று இருக்கிறதே, அது ஈடுகட்டாதா என்று எல்லோரும் கேட்பார்கள். ஈடுகட்ட முடியாது. நல்ல பக்கம் போன ரத்தம் ஏற்கனவே 98 சதவீதம் நிரம்பித்தான் வருகிறது, எவ்வளவு ஆழமாக இழுத்தாலும் நிறைந்த குடத்தில் இன்னும் எவ்வளவு ஊற்றுவீர்கள்? காற்றே பார்க்காமல் வந்த ரத்தம் 75-இல் இருக்கிறது. இரண்டும் பாதிப்பாதி கலந்தால் 86 அல்லது 87. அதைத்தான் அன்றைக்கு மானிட்டர் காட்டியது. ஆக்சிஜனைக் கூட்டினாலும் அது அடைபட்ட அறைக்குள் போவதில்லையே, அதனால்தான் 8 லிட்டரிலும் பெரிதாக அசையவில்லை. இடது பக்கம் திருப்பியதும் கனத்தால் ரத்தம் நல்ல நுரையீரல் பக்கம் இறங்கியது.

கோவிட் உச்சத்தில் இருந்த 2021 ஏப்ரல், மே மாதங்களை யாரும் மறந்திருக்க மாட்டார்கள். சிலிண்டருக்கு ஊரெல்லாம் வரிசையில் நின்றோம். அந்த ஏப்ரலில்தான் மத்திய சுகாதார அமைச்சகம், சாச்சுரேஷன், அதாவது ரத்த ஆக்சிஜன் அளவு, 94-க்குக் கீழே போனால் குப்புறப் படுக்கச் சொல்லிப் படம் போட்டு வழிமுறை வெளியிட்டது. நோயாளிக்குத் துணைக்கு வந்தவர்கள் எத்தனை பேர் எங்களிடம் சண்டை போட்டார்கள் தெரியுமா, மூச்சு விட முடியாதவரைக் குப்புறப் போடுகிறீர்களே என்று! மல்லாந்து படுக்கும்போது இதயமும் வயிறும் நுரையீரலின் முதுகுப்பக்கத்தை அமுக்குகின்றன, அங்கே அறைகள் மூடிக்கொள்கின்றன, ரத்தமோ எப்படிப் படுத்தாலும் முதுகுப்பக்கம்தான் அதிகம் ஓடும். குப்புறப் படுத்தால் அந்த அறைகள் திறக்கும், ரத்தம் இருக்கிற இடத்துக்குக் காற்று வந்து சேரும். கோவிட்டுக்கு முன்பே, 2013-இல் பிரான்ஸில் நடந்த ஒரு பெரிய ஆய்வில், வென்டிலேட்டரில் மோசமான நிலையில் இருந்தவர்களைத் தினமும் 16 மணி நேரம் குப்புறப் படுக்க வைத்தபோது 28 நாளுக்குள் இறந்தவர்கள் 16 சதவீதம். மல்லாந்தே இருந்தவர்களில் 33 சதவீதம். மருந்தே இல்லாமல், படுக்கும் விதத்தில் இவ்வளவு வித்தியாசம்.

இதற்கு எதிர்ப்பக்கமும் ஒன்று உண்டு. காலில் கட்டிய ரத்தக்கட்டி கிளம்பிப்போய் நுரையீரல் தமனியை அடைத்துவிட்டால் காற்று நன்றாக வரும், ரத்தம் வராது. ‘எக்ஸ்ரே சுத்தமா இருக்கு, ஆனா மூச்சு வாங்குது’ என்று திகைத்து நிற்பார்கள். ஆபரேஷன் முடிந்து நாள்கணக்கில் படுத்திருந்தவருக்குத் திடீரென்று மூச்சு வாங்கினால் தயவுசெய்து ஆழமாக இழுத்துவிடச் சொல்லிக்கொண்டு உட்கார்ந்திருக்காதீர்கள், உடனே தூக்கிக்கொண்டு ஓடுங்கள்.

இன்னொன்று, இதைச் சொல்லாமல் விட்டால் எனக்கு நிம்மதி இருக்காது. பல வருடம் பீடி சிகரெட் குடித்தோ, விறகடுப்புப் புகையிலேயே சமைத்தோ நுரையீரல் கெட்டுப்போனவர்களுக்கு வீட்டில் ஆக்சிஜன் வைக்கும்போது, எண் நன்றாக ஏறட்டும் என்று பிள்ளைகள் பாசத்தில் குமிழைத் திருகிவிடுகிறார்கள். அந்த நோயாளிகளுக்கு 88 முதல் 92 வரை இருந்தால் போதும் என்றுதான் டாக்டர்கள் வைப்பார்கள். அதிகமாக ஆக்சிஜன் போனால், உடம்பு பாடுபட்டு அடைத்து வைத்த மடைகள் திறந்துகொள்ளும், காற்றோட்டம் இல்லாத பக்கமெல்லாம் ரத்தம் ஓடும், கரியமில வாயு வெளியேறாமல் தேங்கும். காரணம் இது ஒன்று மட்டும் இல்லை, ஆனால் பெரிய காரணம். அப்பா நிம்மதியாகத் தூங்குகிறார் என்று நினைத்துக்கொண்டிருப்பார்கள், அது தூக்கமாக இருக்காது, மயக்கமாக இருக்கும்.

ஒரு பக்க நிமோனியா என்றால் நல்ல நுரையீரல் கீழே இருக்கும்படி படுப்பது பெரியவர்களுக்குத்தான். கைக்குழந்தைகளுக்கு இது மாறும். இருமலில் ரத்தம் வருகிறது, நுரையீரலில் சீழ்க்கட்டி இருக்கிறது என்றால் நல்ல பக்கத்தைக் கீழே வைக்கவே கூடாது, அங்கும் வழிந்து இறங்கிவிடும். அதனால் யாரும் தாங்களாகவே திருப்ப வேண்டாம். ‘எந்தப் பக்கம் படுக்க வைக்கலாம் டாக்டர்?’ என்று ரவுண்ட்ஸ் வரும்போது ஒரு கேள்வி கேளுங்கள், அவ்வளவுதான் நான் சொல்வது. கேட்டால் பதில் சொல்லாத டாக்டரை நான் பார்த்ததில்லை. கேட்கத் தெரியாமல்தான் இத்தனை பேர் விடிய விடிய மானிட்டரைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார்கள்.

மறுநாள் காலையில் அண்ணனின் கட்டிலுக்கு மேலே ‘இடது பக்கம் கீழே’ என்று ஓர் அட்டையில் எழுதி ஒட்டினேன். சாயங்காலம் பார்த்தால் அந்தச் சின்னப்பெண், டாக்டரிடம் கேட்டுக்கொண்டு, மூன்றாவது படுக்கைப் பெரியவருக்கும் ஓர் அட்டை எழுதி ஒட்டியிருந்தார். அவருக்கு இடது பக்கம் நிமோனியா, அதனால் ‘வலது பக்கம் கீழே’ என்று.

உங்கள் பத்திரிகையை எத்தனையோ ஆஸ்பத்திரி வராந்தாக்களில் துணைக்கு இருப்பவர்கள் இரவெல்லாம் புரட்டிக்கொண்டிருக்கிறார்கள், நானே பார்த்திருக்கிறேன். அந்தக் கட்டுரையின் வரியைத் திருத்தி, ஒரு சின்னப் பெட்டிச் செய்தியாகவாவது இதைப் போடுங்கள். படம் தேவைப்பட்டால் நானே வரைந்து அனுப்புகிறேன்.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற செவிலியர் ஒருவர்,
கும்பகோணம்