ஆம்ஸ்டர்டாமிலிருந்து அப்பாவுக்கு

அன்புள்ள அப்பாவுக்கு,

நலம், நலமறிய ஆவல். குளிர் இன்னும் விட்டபாடில்லை. வேலை, வீடு, சைக்கிள் என்று நாள் ஓடுகிறது. போன ஞாயிற்றுக்கிழமை ஆம்ஸ்டெல் ஆற்றங்கரையோடு சைக்கிள் மிதித்து அவுடர்கெர்க் போனேன். போர்த்துகீசிய யூதர்கள் 1614இல் வாங்கிய இடுகாடு அங்கே இருக்கிறது. மெனாசே பென் இஸ்ரேல் என்ற ரப்பியின், அதாவது யூத மதகுருவின், சமாதியைப் பார்க்கத்தான் போனேன். காலமெல்லாம் அச்சாபீஸில் எழுத்துக் கோத்த உங்களுக்கு அவரைப் பற்றிச் சொல்லியே ஆகவேண்டும்.

1604இல் பிறந்தவர். போர்ச்சுகலில் கத்தோலிக்கச் சபையின் மத விசாரணைக்காரர்கள் அவருடைய அப்பாவைச் சித்திரவதை செய்தார்கள். குடும்பம் தப்பி இங்கே வந்து சேர்ந்தது. பதினெட்டு வயதிலேயே ஜெபாலயத்தில் பிரசங்கம் செய்ய ஆரம்பித்துவிட்டார். ஆனால் அந்தச் சம்பளத்தில் குடும்பம் நடத்த முடியவில்லை. அதனால் 1626இல் எபிரேய அச்சுக்கூடம் வைத்தார். இந்த ஊரில் யூதர் ஒருவர் நடத்திய முதல் எபிரேய அச்சுக்கூடம் அதுதான். முதலில் வந்தது ஒரு ஜெபப் புத்தகம், 1627 ஜனவரி 1ஆம் தேதி.

எபிரேயம் வலமிருந்து இடமாக ஓடும். உயிரொலிகள் பெரும்பாலும் எழுத்துக்கு அடியில் பொடிப்பொடிப் புள்ளிகளாக, கோடுகளாக வரும். ஒரு புள்ளி இடம் மாறினால் சொல்லே மாறிவிடும். மெழுகுவர்த்தி வெளிச்சத்தில் அதைக் கோத்து, புரூஃப் பார்த்தவர்களின் கண் என்ன பாடு பட்டிருக்கும்! உங்களுக்குத்தான் அது சரியாகப் புரியும்.

வேதத்தில் ஒன்றோடொன்று முரண்படுவதுபோல் தோன்றும் வசனங்களை எடுத்துக்கொண்டு, ஸ்பானிய மொழியில் ஒரு பெரிய நூல் எழுதினார். முதல் பாகம் 1632இல் வந்தது. எபிரேயம் தெரியாமல் வளர்ந்த அவருடைய சனங்களும் அதைப் படிக்க முடிந்தது, கிறிஸ்தவப் பண்டிதர்களும் படித்தார்கள்.

அப்புறம் 1655இல் லண்டன் போனார். 1290இல் இங்கிலாந்திலிருந்து துரத்தப்பட்ட யூதர்களைத் திரும்பச் சேர்த்துக்கொள்ளச் சொல்லி, அப்போது அந்த நாட்டை ஆண்ட கிராம்வெல்லிடம் மன்றாடினார். அதைப் பற்றிப் பேச ஒரு கூட்டம் கூடியது, முடிவு ஒன்றும் அறிவிக்கவில்லை. அங்கிருந்த யூதர்கள் வெளிப்படையாக வழிபட மெல்ல வழி பிறந்தது. ஆனால் அவருக்கு அது போதவில்லை, தோற்றுவிட்டதாகவே நினைத்தார். கூட இருந்த மகன் சாமுவேலும் 1657இல் லண்டனில் இறந்துபோனான். பிள்ளையின் உடலைக் கப்பலில் கொண்டுவந்தவர், இந்த ஊரை எட்டுமுன்பே, இதே நாட்டில் உள்ள மிடல்பர்க் என்ற ஊரில் கண்மூடினார். அதை நினைத்தால் இப்போதும் நெஞ்சு அடைக்கிறது, அப்பா.

இங்கே சமாதிக் கற்களை நிமிர்த்தி நடுவதில்லை, படுக்கவைத்திருக்கிறார்கள். கொஞ்ச நேரம் பக்கத்திலேயே நின்றேன்.

அந்தக் காலத்து எபிரேயப் புத்தகங்கள் இங்கே எட்ஸ் ஹயீம் நூலகத்தில் இருக்கின்றன. நீங்கள் வரும்போது முதலில் அங்கேதான் கூட்டிப்போவேன். பாஸ்போர்ட் வேலை எந்த மட்டில் இருக்கிறது? அம்மாவுக்கும் சேர்த்தே எழுதிப் போட்டுவிடுங்கள்.

உங்கள் அன்பு மகள்