ஆக்கக்கூடத்துக்கு முதலில் வேண்டியவர் பயிற்றுநர்

பெருமதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். பல்கலைக்கழகங்கள் தங்கள் மாணவர்களுக்காக அமைத்துவரும் ஆக்கக்கூடங்களைப் பற்றி, அதாவது மேக்கர்ஸ்பேஸ் என்று இப்போது எல்லோரும் சொல்லும் தொழிற்கூடங்களைப் பற்றி, தங்கள் நாளிதழில் வெளிவந்த கட்டுரையைப் படித்தேன். அங்கு வாங்கி வைக்கப்படும் இயந்திரங்களின் விவரம் அதில் நிறைவாகவே இருந்தது. அவற்றை இயக்க யார் கற்றுக்கொடுக்கிறார், கதவு எத்தனை மணி நேரம் திறந்திருக்கிறது, தொழிற்கூடத்தோடு தொடர்பில்லாத ஒரு துறையின் மாணவி தயக்கத்தோடு உள்ளே வந்து நின்றால் அவரிடம் யார் பேசுவார் என்பவற்றைப் பற்றி மட்டும் ஒரு வரியும் இல்லை. முப்பது ஆண்டுகளுக்கு மேல் தொழிற்கூடப் பயிற்றுநராக இருந்து ஓய்வுபெற்றவன் என்ற முறையில், விடுபட்ட அந்தப் பகுதியைப் பற்றி எழுத விரும்புகிறேன்.

இத்தகைய கூடங்கள் நேற்று முளைத்தவை அல்ல. பாடத்திட்டத்துக்கு வெளியே மாணவர்கள் தங்கள் கையால் எதையாவது செய்து பார்ப்பதற்கென்று அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகமான எம்.ஐ.டி. வளாகத்தில் 1930களிலேயே ஒரு பொழுதுபோக்குத் தொழிற்கூடம் ஏற்பட்டது; இன்றும் அது இயங்கிவருகிறது. அதே வளாகத்தில் 1998இல் பேராசிரியர் நீல் கெர்ஷன்ஃபெல்ட், 'ஏறக்குறைய எதையும் செய்வது எப்படி' என்று பொருள்படும் பெயரில் ஒரு பாடத்தைத் தொடங்கினார். ஆய்வுக்காக இயந்திரங்களைப் பயன்படுத்த வேண்டிய சிலர் வருவார்கள் என்றுதான் அவர் நினைத்திருந்தார். வந்து நின்றவர்களோ ஏறத்தாழ நூறு பேர். அவர்களில் கட்டடக்கலை பயில்பவர்களும் கலைத்துறையினரும் இருந்தார்கள். ஃபேப் லேப் என்ற பெயரில் பின்னர் பல நாடுகளுக்குப் பரவிய கூடங்களுக்கு அந்த வகுப்பறையில்தான் வேர் இருக்கிறது. அந்த நூறு பேரையும் இழுத்து வந்தது ஒரு வகுப்பு, கற்றுத்தர ஆள் இருக்கிறார் என்ற செய்தி. வெறும் இயந்திரம் மட்டும் இருந்திருந்தால் அத்தனை பேர் வந்திருப்பார்கள் என்று நான் நம்பவில்லை.

இயந்திரம் கிடைப்பது இன்று பெரிய காரியமும் இல்லை. பிளாஸ்டிக் இழையை உருக்கி அடுக்கடுக்காகப் படியவைத்துப் பொருளை உருவாக்கும் முறைக்கான அடிப்படைக் காப்புரிமை 2009இல் முடிவடைந்தது. அதற்குச் சில ஆண்டுகள் முன்னதாகவே, இங்கிலாந்தின் பாத் பல்கலைக்கழகத்தில் ஏட்ரியன் போயர் 2005இல் தொடங்கிய ரெப்ரேப் திட்டம், அத்தகைய இயந்திரத்தின் வரைபடங்களை யார் வேண்டுமானாலும் எடுத்துச் செய்துகொள்ளலாம் என்று பொதுவில் வைத்துவிட்டது. ஒரு காலத்தில் பெரிய ஆலைகளில் மட்டும் இருந்த 3டி பிரிண்டர் மேசைக்கு வந்து சேர்ந்த கதை சுருக்கமாக இதுதான். ஆகவே இயந்திரக் கொள்முதல் என்பது நிர்வாகத்துக்கு ஒரே ஒரு முறை போடும் கையெழுத்தோடு முடிந்துவிடுகிறது. பயிற்றுநருக்கோ மாதாமாதம் சம்பளம் தர வேண்டும். அதனால் அந்தக் கோப்பு மட்டும் மேசையை விட்டு நகர்வதில்லை.

நான் பணியாற்றிய ஒரு கல்வி நிறுவனத்தில் இதைக் கண்ணால் கண்டேன். கண்ணாடிச் சுவர் வைத்த அழகான அறை. உள்ளே லேசர் வெட்டும் இயந்திரம், நான்கு 3டி பிரிண்டர்கள், சாலிடரிங் மேசைகள். சாவி துறைத் தலைவரின் இழுப்பறையில். ஒரு மாணவர் உள்ளே போக வேண்டுமென்றால் மூன்று பேரிடம் கையொப்பம் வாங்க வேண்டும். வாங்கி முடிப்பதற்குள் அவருடைய திட்டப்பணிக்கான கெடு தாண்டிவிடும். இரண்டாவது ஆண்டில் ஒரு பிரிண்டரின் மேல் போர்த்தியிருந்த நெகிழித் தாளை நான் எடுத்தபோது, இயந்திரத்தோடு வந்த சின்னத் திருப்புளியும் சாவிகளும் உறை பிரிக்கப்படாமலே இருந்தன. ஆய்வுக் குழு வரும் நாட்களில் மட்டும் அறை துடைத்துத் திறக்கப்படும். பழுதாகிவிடுமோ என்ற அச்சம்தான் எல்லாவற்றுக்கும் காரணம் என்றார்கள். யாரும் தொடாத இயந்திரமும் பழுதாகத்தான் செய்தது: இழைச் சுருள் காற்றிலுள்ள ஈரத்தை உறிஞ்சி, ஓட்டும்போது படபடவென்று வெடித்தது; லேசரின் வில்லையில் தூசு படிந்து வெட்டு பாதியிலேயே நின்றது.

பயிற்சி என்று நான் எதைச் சொல்கிறேன் என்பதை விளக்க ஒரு சிறு நிகழ்ச்சியைக் குறிப்பிடுகிறேன். மூன்று மில்லிமீட்டர் அக்ரிலிக் தகட்டில் ஒரு பெட்டி செய்ய வந்த மாணவர், கணினியில் எல்லாப் பள்ளங்களையும் சரியாக மூன்று மில்லிமீட்டராக வரைந்து, வெட்டி, கோத்துப் பார்த்தார். பெட்டி கையிலேயே கழன்று விழுந்தது. அவரிடம் கனத்தை நுட்பமாக அளக்கும் கருவியான ஒரு வெர்னியர் காலிப்பரைக் கொடுத்துத் தகட்டை அளக்கச் சொன்னேன், 2.8 மில்லிமீட்டர் காட்டியது. விற்பவர் சொல்லும் கனமும் தகட்டின் உண்மையான கனமும் ஒன்றாக இருக்க வேண்டிய கட்டாயம் இல்லை என்பது அவருக்கு முதல் பாடம். லேசர் தானும் ஒரு கோட்டு அகலத்துக்குப் பொருளை எரித்துத் தின்றுவிடுகிறது, அந்த இயந்திரத்தில் அது சுமார் 0.2 மில்லிமீட்டர் என்பது இரண்டாவது பாடம். வரைந்த மூன்று, வெட்டியபின் 3.2 ஆகிவிட, 2.8 கனமுள்ள தகடு அதில் ஆடாமல் என்ன செய்யும்? ஒரு துண்டுத் தகட்டில் 2.4 முதல் 2.8 வரை பத்தில் ஒரு பங்கு மில்லிமீட்டர் இடைவெளியில் ஐந்து பள்ளங்களைச் சீப்புப் பற்கள் போல வெட்டி, ஒவ்வொன்றிலும் தகட்டைச் செருகிப் பார்த்தோம். 2.6இல் அது இறுகிப் பிடித்துக்கொண்டது. பத்து நிமிட வேலை. அந்த மாணவர் அதன்பிறகு எந்தப் புதிய தகட்டை எடுத்தாலும் முதலில் அளக்கத் தொடங்கினார். அவர் தன் நண்பர்களுக்கும் சொல்லிக்கொடுத்தார். இந்தப் பத்து நிமிடத்தை எந்தக் காணொளியும் தராது என்று சொல்லமாட்டேன், ஆனால் பெட்டி கையில் கழன்று விழும் அந்தக் கணத்தில் காலிப்பரை நீட்டுவதற்குப் பக்கத்தில் ஓர் ஆள் வேண்டும்.

3டி பிரிண்டரிலும் இப்படித்தான். ஆறு மணி நேரம் ஓடி முடிந்த ஒரு கொக்கி, முதல் எடையைத் தொங்கவிட்டதும் பட்டென்று ஒடிந்தது. ஒடிந்த முகம் வழவழப்பாக, சீட்டுக் கட்டைப் பிரித்ததுபோல் இருந்தது. அடுக்குக்கும் அடுக்குக்கும் இடையிலான பிடிப்புத்தான் இந்த முறையில் பலவீனமான இடம் என்பதால், கொக்கியை நிற்கவைக்காமல் படுக்கவைத்து அச்சிட்டிருக்க வேண்டும். பொருளும் வடிவமும் மாறாமல், வைக்கும் திசையை மட்டும் மாற்றியதில் அடுத்த கொக்கி நின்றது.

இனி ஆபத்தைப் பற்றி. லேசர் இயந்திரத்தை நாடி வருபவர்கள் கையில் கிடைத்த எந்தப் பிளாஸ்டிக்கையும் கொண்டுவருவார்கள். பி.வி.சி.யை அதில் வைத்தால் வெளிப்படும் ஹைட்ரஜன் குளோரைடு வாயு நுரையீரலையும் கெடுக்கும், இயந்திரத்தின் உலோகப் பாகங்களையும் அரித்துவிடும். பெயர் தெரியாத தகடு வந்தால் நாங்கள் ஒரு செப்புக் கம்பியைப் பழுக்கக் காய்ச்சி, தகட்டின் ஓரத்தில் தொட்டு, காற்றோட்டமான இடத்தில் மறுபடி சுடரில் காட்டுவோம். சுடர் பச்சையாக எரிந்தால் அதில் குளோரின் இருக்கக்கூடும் என்று பொருள், தகட்டைத் திருப்பிக் கொடுத்துவிடுவோம். அக்ரிலிக் பாதுகாப்பானதுதான், ஆனால் தீப்பிடிக்கும். வெட்டு ஓடும்போது தேநீர் குடிக்கப் போகிறவருக்கு அந்த இயந்திரத்தைத் தொடும் தகுதி இல்லை.

கடைசல் இயந்திரம், அதாவது பொருளைச் சுழலவிட்டுக் கடையும் லேத், இவை எல்லாவற்றையும்விடக் கடுமையானது. பொருளைப் பிடித்துச் சுழலும் பிடிப்பானுக்கு 'சக்' என்று பெயர்; அதை இறுக்கிய சாவியை அதிலேயே விட்டுவிட்டு இயந்திரத்தைப் போட்டால், சாவி கல்லெறிந்ததுபோல் பறக்கும். ஆகவே சாவி சக்கில் இருக்கும்வரை அதிலிருந்து கையை எடுக்கக் கூடாது என்பதை முதல் நாளே நூறு முறை சொல்லுவேன். சுழலும் இயந்திரத்துக்கு முன் கையுறை கூடாது, தொங்கும் சட்டைக்கை கூடாது, அவிழ்ந்த தலைமுடி கூடாது. 2011 ஏப்ரலில் அமெரிக்காவின் யேல் பல்கலைக்கழகத் தொழிற்கூடம் ஒன்றில் இரவில் தனியாக வேலை செய்துகொண்டிருந்த இறுதியாண்டு மாணவி ஒருவரின் தலைமுடி கடைசல் இயந்திரத்தில் சிக்கி, அவர் உயிரிழந்தார். தொழிற்கூடம் நடத்தும் எவரும் மறக்கக்கூடாத நிகழ்ச்சி அது. தனியாக இருந்தார் என்பதுதான் என்னை இன்றும் உறுத்துகிறது. அவசர நிறுத்தப் பொத்தானை அழுத்த இன்னொரு கை இருந்திருக்க வேண்டும்.

இதைப் படித்துவிட்டு, "பார்த்தீர்களா, அதனால்தான் பூட்டி வைக்கிறோம்" என்று நிர்வாகிகள் சிலர் சொல்லக்கூடும். நான் சொல்வது அதற்கு நேர்மாறானது. கூடத்தைப் பூட்டினால் மாணவர்கள் செய்வதை நிறுத்துவதில்லை. விடுதி அறையில், ஜன்னலைச் சாத்திக்கொண்டு, மலிவான கருவிகளால், கண்ணுக்குப் பாதுகாப்புக் கண்ணாடிகூட இல்லாமல் செய்வார்கள். பூட்டுக்கும் கட்டுப்பாடற்ற திறப்புக்கும் நடுவே ஒரு வழி இருக்கிறது. 3டி பிரிண்டருக்கும் கைக்கருவிகளுக்கும் ஒரு மணி நேர அறிமுகம் போதும். லேசருக்கு அரை நாள், அதன் முடிவில் பயிற்றுநர் பார்த்திருக்க மாணவர் தானே ஒரு துண்டை வெட்டிக் காட்ட வேண்டும். கடைசல், துருவல் (மில்லிங்) இயந்திரங்களுக்குப் பல அமர்வுகள். எவரும் எந்த நேரத்திலும் தனியாக அவற்றை ஓட்டக் கூடாது. எந்த இயந்திரத்தில் தேறினாரோ அதற்கு மட்டும் அனுமதி. தாளில் எழுதும் தேர்வு இதில் எதற்கும் வேண்டாம். கை செய்வதைக் கண் பார்த்தால் போதும்.

இத்தனை பேருக்குக் கற்றுக்கொடுக்க ஆட்கள் எங்கே என்ற கேள்வி நியாயமானது. அமெரிக்காவின் ஜார்ஜியா டெக் பல்கலைக்கழகத்தில் உள்ள இன்வென்ஷன் ஸ்டுடியோ என்ற ஆக்கக்கூடத்தை அன்றாடம் நடத்துபவர்கள் மாணவர்களே. பயிற்சிபெற்ற மாணவத் தொண்டர்கள் முறைபோட்டு நின்று மற்றவர்களுக்குக் கருவிகளைச் சொல்லிக்கொடுக்கிறார்கள். என்னிடம் கேட்கக் கூச்சப்படும் முதலாண்டு மாணவர், மூன்றாமாண்டு அக்காவிடம் தயங்காமல் கேட்டுவிடுவார் என்பது என் அனுபவமும்கூட. ஆனால் இதைச் சாக்காக வைத்துப் பயிற்றுநர் பணியிடத்தை வெட்டிவிடக் கூடாது. மாணவர்கள் பட்டம் பெற்றுப் போய்விடுவார்கள். எந்த இயந்திரம் எந்தச் சத்தம் போட்டால் எதைக் கழற்ற வேண்டும் என்ற அறிவு கூடத்திலேயே தங்க, நிலையாக ஒருவராவது அங்கு வேலைக்கு இருக்க வேண்டும்.

கூடம் பொறியியல் துறையின் சொத்தாகிவிடக் கூடாது என்பதையும் சொல்லவேண்டும். தொல்லியல் மாணவர் உடைந்த பானையோட்டின் முப்பரிமாணப் பிரதியையும், மருத்துவ மாணவர் எலும்பு மாதிரியையும், இசை மாணவர் கருவியின் ஒரு பாகத்தையும் செய்ய வருவார்கள்; இவர்கள் கொண்டுவரும் கேள்விகள்தான் எங்களைப் போன்றவர்களுக்கு வேலையில் சுவை சேர்த்தவை. புதிதாக வருபவர் முதலில் அச்சிடுவது பெரும்பாலும் தன் பெயர் பொறித்த சாவிக்கொத்தாகத்தான் இருக்கும். அதைப் பார்த்துச் சிரிக்கும் பேராசிரியர்களை எனக்குப் பிடிப்பதில்லை. நானும் பயிற்சிக் காலத்தில் முதலில் கடைந்தது ஒரு பம்பரம்தான்.

அடுத்த முறை இத்தகைய கூடம் ஒன்றின் திறப்பு விழாவுக்குத் தங்கள் செய்தியாளர் செல்லும்போது, நாடா வெட்டும் படத்தோடு மூன்று கேள்விகளையும் கேட்டுவர வேண்டுமென்று வேண்டுகிறேன். இங்கு முழுநேரமாக நிற்கும் பயிற்றுநர் யார்? மாலை வகுப்புகள் முடிந்தபின் கதவு திறந்திருக்குமா? இழைக்கும் தகட்டுக்கும் பழுதுபார்ப்புக்கும் இரண்டாம் ஆண்டுக்கான தொகை ஒதுக்கப்பட்டிருக்கிறதா? முடிந்தால் ஓராண்டு கழித்து, முன்னறிவிப்பு இல்லாமல், ஒரு சாதாரண வேலை நாளின் பிற்பகலில் அவரை மீண்டும் அங்கே அனுப்பிப் பாருங்கள். அறையில் மரத்தூளும் சாலிடர் வாடையும் கழிவுத் துண்டுப் பெட்டியில் ஐந்து பள்ளங்கள் வெட்டிய சீப்பு ஒன்றும் இருந்தால், அதையும் படமெடுத்து வெளியிடுங்கள்.

தங்கள் உண்மையுள்ள,
ஓய்வுபெற்ற தொழிற்கூடப் பயிற்றுநர்