அண்ணனுக்கு: அந்த ரெண்டாவது இழை

அண்ணே,

நேத்து நம்ம வீட்டுப் பத்திரத்துல கையெழுத்துப் போட்டுட்டேன். தொகை, பங்கு, யாரு எப்ப என்ன பேசுனாக, அதெல்லாம் இங்கே வேண்டாம். பங்காளிகளும் படிப்பாக.

நான் சொல்ல வந்தது, நம்ம வீட்டைப் பத்தி நான் எடுத்த படத்துல வர்ற அந்தப் பிள்ளையார் நோன்பு. நாம நகரத்தாருக எரியிற இழையைச் சுடரோட விழுங்குற நோன்பு.

வளவு முத்தத்துல டியூப்லைட்டை அணைக்கச் சொன்னதே நான்தான், சுடர் மட்டும் தெரியட்டும்னு. அப்பத்தா 21 நூல் திரியை, அரிசிமாவும் வெல்லமும் பிசைஞ்ச இழைமாவுல செருகி, ஏத்திக் குடுத்தாக. நீங்க சுடரோட வாயில போட்டீக. நான் கேமராவுக்குப் பின்னாலேருந்து, “அண்ணே, ஃபோகஸ் போயிருச்சு, இன்னொரு தரம்”னேன்.

யாரும் மூச்சு விடலை. ஆளுக்கு ஒண்ணுன்னு எண்ணித் திரிச்ச இழை, மிச்சம் கிடையாது. அப்பத்தா என்னை ஏசவும் இல்லை. கந்தாங்கிச் சேலைத் தலைப்புலேருந்து ஒரு நூலை உருவி, பல்லால கடிச்சு அறுத்து, மாவுல வச்சு ஏத்துனாக. நீங்க என்னையே பார்த்துக்கிட்டு விழுங்குனீக.

படத்துல இருக்கிறது அதுதான். பார்த்தவுகள்லாம், “அந்த முகத்துல என்ன பக்தி!”ன்னாக. கோவம்னு எனக்குத் தெரியும். ஒரு மேடையிலயும் நான் வாயைத் திறக்கலை.

தப்புத்தான். ஆனா அடுத்த நோன்புக்கு அப்பத்தா இல்லையே. அந்த விரல் நூல் உருவுறது இன்னிக்கு வேற எங்கண்ணே இருக்கு? ராத்திரியில அந்த இடத்தை மட்டும் நீங்க போட்டுப் பார்க்கிறதா உங்க வீட்டுக்காரவுக, அண்ணமிண்டி சொன்னாக. (அவுகளைக் கோவிச்சுக்காதீக.)

வீட்டைக் காட்டிப் பேர் வாங்குனவன்னு என்னைச் சொல்றீக. சரி. ரெண்டாங்கட்டு பர்மாத் தேக்குத் தூண் ரெண்டும் பழைய சாமான் கடைக்குப் போனப்ப, எனக்கு ஒரு போன் போடத் தோணலையே உங்களுக்கு? சாமி சத்தியமா அதை இன்னும் என்னால தாங்க முடியலை.

ஓடு மாத்தக் காசு வேணும்தான். 2014-ல யுனெஸ்கோவோட உலகப் பாரம்பரிய உத்தேசப் பட்டியல்ல செட்டிநாட்டு ஊருகளும் வந்துச்சுன்னு நான் குதிச்சப்ப, “பட்டியல் வந்து ஓடு மாத்துமா?”ன்னு கேட்டீக. மாத்தலை. கூரைத் தண்ணி வளவுல கொட்டி ஊரணிக்குப் போற வழியை அழகழகா எடுத்தேன். தரைக்குப் போடுற ஆத்தங்குடிக் கல்லைக் கண்ணாடி மேல வார்க்கிறதை நாலு நிமிஷம் காட்டுனேன். ஒழுகுற இடத்துக்கெல்லாம் அண்டா தூக்கி வச்ச நீங்களும், அந்தக் கல்லைத் தினம் துடைச்ச அண்ணமிண்டியும் அதுல ஒரு இடத்துலயும் இல்லை. வெட்டி எறிஞ்சதுல கிடக்கும். மழையில நீங்க என்னைப் பார்த்துக் கத்துறது ஒண்ணு இருக்கு, அனுப்பட்டுமா?

சாவி குடுக்கிறதுக்கு முன்னால அப்பத்தா தகரப்பெட்டியைப் பாருங்க. அந்த அரக்குக் கந்தாங்கி அடியில இருக்கும், தலைப்புல ஒரு ஓரம் நூல் போயிருக்கும். எடுத்து வைங்க. உங்ககிட்டயே இருக்கட்டும்.

இல்லை. எனக்குத்தான் வேணும்ணே.

தம்பி