கூட்டத்தை ஜோடியாக உடைக்காதே, தம்பி

அன்புள்ள தம்பிக்கு,

அம்மா எழுதுகிறேன். அப்பாவும் நானும் நன்றாக இருக்கிறோம். கோத்தகிரியில் ஐப்பசி மழை இன்னும் விட்டபாடில்லை, கொடியில் போட்ட துணி காயவே மாட்டேன் என்கிறது. ஞாயிற்றுக்கிழமை போனில் உன் ஆபீஸ் வேலையைப் பற்றி நீ சொன்னதிலிருந்து எனக்கு அதே நினைப்பாக இருக்கிறது. போனில் சொன்னால் நீ சரிம்மா சரிம்மா என்று அவசரப்படுவாய், அதனால்தான் உட்கார்ந்து எழுதுகிறேன், பொறுமையாகப் படி.

யார் யார் எந்த மீட்டிங்கில் இருந்தார்கள் என்ற விவரம் உன்னிடம் இருக்கிறது, அதை வைத்து யாருக்கு யாரோடு தொடர்பு என்று ஒரு கிராஃப் போடுகிறாய், ஒரு மீட்டிங்கில் பத்துப் பேர் இருந்தால் அவர்களில் ஒவ்வொரு இருவருக்கும் நடுவே ஒரு கோடு, ஆக மொத்தம் 45 கோடு. இப்படித்தானே சொன்னாய்? அந்த இடத்தில்தான் எனக்கு மனசு ஒப்பவில்லை. பத்துப் பேர் ஒரே அறையில் உட்கார்ந்தது ஒரே ஒரு நிகழ்ச்சி. அதை 45 துண்டாக உடைத்த பிறகு, நடந்தது ஒரு கூட்டமா, இல்லை 45 தனித்தனிச் சந்திப்பா என்று உன் படத்தைப் பார்த்து யாராலும் சொல்ல முடியாது. உடைப்பதற்கு முன்னால் உன் கையில் இருந்ததற்குப் பெயர் ஹைப்பர்கிராஃப். அதை அப்படியே வைத்துக்கொள் என்று சொல்லத்தான் இந்தக் கடிதம்.

கிராஃபில் நீ ஆட்களுக்கு வைக்கும் புள்ளிக்கு முனை என்றும், கோட்டுக்கு விளிம்பு என்றும் பெயர். சாதாரண கிராஃபில் ஒரு விளிம்பு இரண்டு முனைகளைத்தான் சேர்க்கும். ஹைப்பர்கிராஃபில் ஒரு விளிம்புக்குள் எத்தனை முனை வேண்டுமானாலும் இருக்கலாம். பள்ளியில் படித்த கணப் பாடம் ஞாபகம் இருந்தால் போதும்: ஒரு கணம், அதன் சில உட்கணங்கள், அவ்வளவுதான் வரையறை. எல்லா விளிம்பிலும் மும்மூன்று முனை இருந்தால் 3-சீரானது என்பார்கள், இரண்டிரண்டாக இருந்தால் அது நமக்குப் பழகிய கிராஃபேதான். பிரான்ஸைச் சேர்ந்த கிளோத் பெர்ஜ் 1970இல் இரண்டையும் சேர்த்து ஒரே புத்தகமாக எழுதினார், அங்கங்கே சிதறிக் கிடந்த பல விஷயங்கள் அதில் ஓரிடத்துக்கு வந்தன.

இனி நம்ம ஊர் விஷயத்துக்கு வருகிறேன், ஏனென்றால் எனக்கே இது நன்றாகப் பிடிபட்டது இங்கேதான். நான் கணக்கு எழுதிக் கொடுக்கிற மகளிர் சுயஉதவிக் குழுவில், வாரா வாரம் பேங்குக்குப் போய்ப் பணம் கட்ட ஏழு பேர் ஒத்துக்கொண்டார்கள். ஒருத்தர் தனியாகப் போனால் பேச்சு வரும், இரண்டு பேர் போனாலும் அவங்க ரெண்டு பேரும் ஒண்ணு என்று பேச்சு வரும், அதனால் மூன்று மூன்று பேராகப் போவது என்று முடிவானது. அதிலும் எந்த இருவரை எடுத்தாலும் அவர்கள் ஒரு தடவை சேர்ந்து போயிருக்க வேண்டும், ஆனால் அதே ஜோடி மறுபடி வரக் கூடாது என்று கேட்டார்கள். நோட்டில் பெயருக்குப் பதில் எண் போட்டு எழுதிக் கொடுத்தேன்: முதல் வாரம் 1-2-3, அப்புறம் 1-4-5, 1-6-7, 2-4-6, 2-5-7, 3-4-7, கடைசியாக 3-5-6. ஏழு வாரம், ஆளுக்கு மூன்று முறை, ஏழு பேரில் எடுக்கக்கூடிய 21 ஜோடியும் சரியாக ஒரே ஒரு தடவை. நீயும் ஒரு தாளில் போட்டுச் சரிபார். இத்தாலியக் கணித அறிஞர் ஜினோ ஃபானோவின் பெயரால் இதை ஃபானோ தளம் என்கிறார்கள்.

இப்போது இந்தப் பட்டியலை உன் முறைப்படி ஜோடிக் கோடுகளாக மாற்று. 21 கோடும் வந்துவிடும், ஒவ்வொருவரும் மற்ற எல்லோரோடும் இணைந்த முழு கிராஃப். சரி, வேறொரு ஊரில் ஏழு பேரும் ஒரே நாளில் ஒரே ஜீப்பில் ஏறிப் போய் வேலையை முடித்துவிட்டு வந்தார்கள் என்று வைத்துக்கொள். அதற்கும் அதே 21 கோடு, அதே படம். ஏழு வாரம் மாறி மாறிப் போனதும் ஒரே பயணமாகப் போனதும் உன் கம்ப்யூட்டருக்கு ஒன்றாகிவிட்டது. இதற்கு மேல் எனக்கு வேறு சாட்சி தேவைப்படவில்லை.

அந்தக் குழுவில் அப்புறம் எட்டாவதாக ஒரு அக்கா சேர்ந்தார், அதோடு பட்டியல் நின்றுபோனது. எட்டுப் பேர் என்றால் ஒவ்வொருவருக்கும் மற்றவர்கள் ஏழு பேர், ஒரு தடவை போனால் இரண்டு துணை கிடைக்கும், ஏழை இரண்டிரண்டாகப் பிரிக்க முடியாதே. ஆறால் வகுத்தால் மீதி 1 அல்லது 3 வரும் எண்களுக்கு மட்டும்தான் இப்படி மூவர் பட்டியல் அமையும், அந்த எண்கள் எல்லாவற்றுக்கும் நிச்சயமாக அமையும் என்று இங்கிலாந்தில் பாதிரியாராக இருந்த தாமஸ் கிர்க்மன் 1847இலேயே நிரூபித்துவிட்டார். இன்னும் ஒருத்தரைச் சேர்த்து ஒன்பதாக்குங்கள் என்றேன், சேர்த்தார்கள். ஒன்பது பேருக்கு 12 வாரம், ஆளுக்கு நான்கு முறை, நன்றாகவே போகிறது.

ஏழு பேராக இருந்தபோதே ஒரு அக்கா இன்னொன்று கேட்டார். அவர்களில் சிலருக்கு எஸ்டேட்டில் மேல் லைன் வீடு, சிலருக்குக் கீழ் லைன் வீடு. எந்த வாரமும் மூன்று பேரும் ஒரே லைன்காரர்களாக இருக்கக் கூடாது, அப்படிச் செய்ய முடியுமா என்றார். நியாயமான கேள்வி, ஆனால் யார் எந்த லைனில் இருந்தாலும் அந்தப் பட்டியலில் அது நடக்காது. ஏன் என்று பார். ஏழு பேரில் ஏதாவது ஒரு பக்கம் குறைந்தது நான்கு பேர் இருந்தாக வேண்டும். நால்வருக்குள் ஆறு ஜோடி. அவர்களில் மூவர் ஒன்றாகப் போகிற வாரமே இல்லை என்றால், ஆறு ஜோடியும் ஆறு வெவ்வேறு வாரத்தில்தான் போயிருக்க வேண்டும். அந்த நால்வரில் ஒவ்வொருவருக்கும் உள்ள மூன்று முறையும் அதிலேயே தீர்ந்துவிடும். அப்படியானால் மீதியிருக்கும் ஏழாவது வாரத்தில் நால்வரில் ஒருவரும் இல்லை, போனவர்கள் மற்ற மூவர். அவர்கள் எல்லோரும் எதிர் லைனாக இருந்தால் அதுவே ஒரே லைன் வாரம், அவர்களில் ஒருத்தர் இந்தப் பக்கமாக இருந்தால் இங்கே ஐந்து பேர், பத்து ஜோடி, இருப்பதோ ஏழு வாரம், எப்படியும் ஒரே பக்கத்து மூவர் சேர்ந்தே தீருவார்கள். இதை அந்த அக்காவுக்கு நோட்டில் கோடு போட்டுக் காட்டினேன், பார்த்ததும் புரிந்துகொண்டார்.

முனைகளுக்கு இரண்டு நிறம் அடித்து, எந்த விளிம்பும் ஒரே நிறமாகிவிடாமல் பார்த்துக்கொள்ள முடியுமா என்பதுதான் இந்தக் கேள்வி. மூவர் விளிம்புகள் ஆறு வரை இருந்தால் எப்போதும் முடியும், ஏழில்தான் முதல் தடவையாக முடியாமல் போகிறது, அதற்கு உதாரணம் மேலே எழுதிய பட்டியலே. நால்வர் விளிம்பு என்றால் அந்த எண் 23, அது கம்ப்யூட்டர் துணையோடு 2014இல்தான் உறுதியானது. ஐவருக்கு இன்னும் விடை கிடைக்கவில்லை. இவ்வளவு சின்ன எண்ணிலேயே மனிதர்களால் எட்ட முடியாத விஷயம் இருக்கிறது என்பது எனக்கு இன்றும் சிலிர்ப்பாக இருக்கிறது.

சரியான எண் கிடைக்காவிட்டாலும், இதுவரை பயமில்லை என்று ஒரு எல்லை சொல்லலாம். 1963இல் ஹங்கேரியக் கணித அறிஞர் பால் எர்டோஷ் அதைச் சொன்ன விதத்தை நான் மறக்கவே மாட்டேன். ஒவ்வொருவருக்கும் நாணயம் சுண்டி, பூ விழுந்தால் ஒரு நிறம், தலை விழுந்தால் மறு நிறம் என்று கொடு. பத்துப் பேர் உள்ள ஒரு கூட்டம் முழுவதும் ஒரே நிறமாக அமைய நிகழ்தகவு 1024இல் 2, அதாவது 512இல் 1. கூட்டங்கள் 512க்குக் குறைவாக இருந்தால் இந்த நிகழ்தகவுகளை எல்லாம் கூட்டினாலும் 1ஐத் தொடாது, ஆகவே ஒரு கூட்டம்கூடக் கெடாத ஏதோ ஒரு நிறப் பங்கீடு இருந்தே ஆக வேண்டும். அது எது என்று காட்டாமலேயே இருக்கிறது என்று நிரூபித்துவிட்டார்! உன் ஆபீஸில் பத்துப் பேர் மீட்டிங் 511 வரை நடந்திருந்தாலும், ஆட்களை இரண்டு அணியாகப் பிரித்து ஒவ்வொரு மீட்டிங்கிலும் இரண்டு அணிக்காரர்களும் இருக்கும்படி செய்யலாம், முடியும் என்று சொல்வதற்கு யார் யாரோடு இருந்தார் என்று பார்க்கக்கூட வேண்டாம். ஜோடிக் கிராஃபில் இதே கேள்வியைக் கேள், மூன்று பேர் உள்ள ஒரே ஒரு மீட்டிங் முக்கோணமாக வந்துவிட்டாலே இரண்டு நிறம் போதாது என்றுதான் சொல்லும். உடைத்த படம் விவரத்தைத் தொலைப்பதோடு நிற்காமல் தப்பான பதிலும் தரும் என்று நான் சொல்வது இதனால்தான்.

ஒன்றை மறைக்காமல் சொல்லிவிடுகிறேன், கூட்டத்தைக் கூட்டமாக வைத்துக்கொண்டால் சில வேலை கடினமாகும். எல்லோரையும் ஜோடி சேர்ப்பதற்கு 1965இல் ஜாக் எட்மண்ட்ஸ் வேகமான வழி கொடுத்துவிட்டார். மூன்று வகை ஆட்களில் வகைக்கு ஒருவராக எடுத்து மூவர் மூவராகச் சேர்ப்பது என்று மாறிய உடனே, அது 1972இல் ரிச்சர்ட் கார்ப் வெளியிட்ட, வேகமான வழி இன்றுவரை யாருக்கும் கிடைக்காத 21 கடினமான கணக்குகளில் ஒன்றாகிவிடுகிறது. இரண்டு மூன்றாகும்போது இவ்வளவு மாறுகிறது.

உனக்குப் பிடிக்கும் என்று ஒன்றை வைத்திருக்கிறேன். 1972இல் அமெரிக்காவில் போல்டர் என்ற ஊரில், கணித அறிஞர் வான்ஸ் ஃபேபர் வைத்த தேநீர் விருந்தில் அவரும் எர்டோஷும் இன்னொரு கணித அறிஞர் லாஸ்லோ லோவாஸும் பேசிக்கொண்டிருந்தபோது பிறந்த கேள்வி அது. n கமிட்டி, ஒவ்வொன்றிலும் n பேர், எந்த இரண்டு கமிட்டிக்கும் பொதுவான ஆள் ஒருவருக்கு மேல் கிடையாது. எல்லாக் கமிட்டியும் கூடுவது n நாற்காலி உள்ள ஒரே அறையில். ஒருத்தர் எந்தக் கமிட்டிக்காக வந்தாலும் எப்போதும் தன் ஒரே நாற்காலியில் உட்காரும்படி ஒதுக்க முடியுமா? மறுநாளே முடித்துவிடலாம் என்று நினைத்தார்களாம். முதலில் 50 டாலர் பரிசு அறிவித்த எர்டோஷ் அப்புறம் அதை 500 ஆக்கினார். முடியும் என்று, n போதுமான அளவு பெரிதாக இருந்தால், பர்மிங்ஹாம் பல்கலைக்கழகத்தில் ஐந்து பேர் சேர்ந்து 2021இல்தான் நிரூபணம் வெளியிட்டார்கள், அந்த ஐவரில் அபிஷேக் மெதுகு என்ற நம்ம நாட்டுக்காரரும் ஒருவர். நம் ஊர்க் கோயில் கமிட்டி, பள்ளிக் கமிட்டி, குழுக் கூட்டம் எல்லாம் அதே சமுதாயக் கூடத்தில் அதே பிளாஸ்டிக் நாற்காலியில் நடப்பதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு இந்தக் கணக்கு ஞாபகம் வரும்.

நம் வீட்டையும் சொல்லிவிடுகிறேன், கோபித்துக்கொள்ளாதே. நீ என்னோடு பேசுகிறாய், அப்பா கடையில் இருக்கும்போது அவரோடு தனியாகப் பேசுகிறாய், நானும் அப்பாவும் தினமும் பேசுகிறோம். மூன்று ஜோடியும் இருக்கிறது. மூன்று பேரும் சேர்ந்து பேசி வெகுநாள் ஆகிவிட்டது, அது எனக்குக் குறையாகவே இருக்கிறது. வருகிற ஞாயிறு சாயங்காலம் அப்பா கடையை அடைத்துவிட்டு வந்ததும் கூப்பிடு, ஸ்பீக்கரில் போட்டுவிடுகிறேன்.

உன் வேலைக்கு நான் சொல்வது இவ்வளவுதான். ஆட்களை நிரையாகவும் மீட்டிங்குகளை நிரலாகவும் வைத்து, இருந்தவருக்கு 1, இல்லாதவருக்கு 0 என்று ஓர் அணி, அதாவது எண்களைக் கட்டம் கட்டமாக எழுதிய அட்டவணை, போடு. நிரையை நிரலாகத் திருப்பினால் மீட்டிங்குகளே முனையாகி ஆட்கள் விளிம்பாகிவிடுவார்கள், அந்தப் பார்வையும் உனக்கு உதவும். உன் மென்பொருளுக்குக் கிராஃப்தான் வேண்டும் என்றால் ஆளையும் முனையாக வை, மீட்டிங்கையும் முனையாக வை, இருந்தவருக்கும் அந்த மீட்டிங்குக்கும் நடுவே கோடு போடு, ஒரு விவரமும் தொலையாது. திங்கட்கிழமை ஆபீஸ் போனதும் முதல் வேலையாகப் பழைய மீட்டிங் பட்டியலை யாரும் அழித்துவிடாமல் இருக்கிறார்களா என்று பார், ஜோடிக் கோடுகளை மட்டும் வைத்துக்கொண்டு அதைத் திரும்ப எடுக்க வழியே கிடையாது.

அன்புடன்,
அம்மா