வீடியோ கேமை அணைக்கவும் ஒரு வரிசை உண்டு

ஆசிரியருக்கு,

வணக்கம். போன ஞாயிறு இணைப்பில் விடுமுறைக் காலத்தில் பிள்ளைகளைச் சமாளிப்பது பற்றி ஒரு கட்டுரை போட்டிருந்தீர்கள். டி.வி.யில் வீடியோ கேம் ஆடிக்கொண்டு எழுந்து வர மறுக்கும் பிள்ளையை என்ன செய்வது என்ற கேள்விக்கு, 'மூன்று தடவை சொல்லுங்கள், கேட்காவிட்டால் சுவிட்சை அணைத்துவிடுங்கள்' என்று யோசனை சொல்லியிருந்தது. அந்த யோசனையை உங்கள் கட்டுரை வருவதற்கு முன்பே நான் செய்து பார்த்துவிட்டேன். என்ன ஆயிற்று என்று சொல்லத்தான் இந்தக் கடிதம்.

நான் மின் வாரியத்தில் 31 ஆண்டு வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். அதில் கடைசிப் பதினோரு ஆண்டு ஒரு 110/11 கே.வி. துணை மின் நிலையத்தில் ஆப்பரேட்டர். சுவிட்சை அணைப்பது பற்றி எனக்கு யாரும் பாடம் எடுக்க வேண்டியதில்லை என்று நினைத்துக்கொண்டிருந்தேன். எட்டாம் வகுப்புப் படிக்கும் பேரன் எடுத்தான்.

மகள் குடும்பம் எங்களோடுதான் இருக்கிறது. மாப்பிள்ளை, டி.வி.யில் இணைத்து ஆடும் பிளேஸ்டேஷன் 4 என்ற கேம் பெட்டி ஒன்றைச் செகண்ட் ஹேண்டில் வாங்கி வந்தார். ஒருநாள் இரவு, தோசை ஆறிக்கொண்டிருந்தது. "டேய், சாப்பிட வா" என்றேன். "ரெண்டே நிமிஷம் தாத்தா, சேவ் பாயின்ட் வந்துரும்" என்றான். அதுவரை ஆடியதை ஆட்டம் சேமித்துக்கொள்ளும் இடமாம் அது. சேவ் பாயின்ட்டாவது ஒன்றாவது என்று நினைத்தேன். மூன்றாவது தடவையும் அதே பதில் வந்ததும் எழுந்து போய்ச் சுவரில் இருந்த சுவிட்சைத் தட்டிவிட்டேன். திரை இருண்டது. அவன் ஒன்றும் பேசாமல் வந்து சாப்பிட்டான். நானும் வென்றுவிட்டதாக நினைத்துக்கொண்டு இன்னொரு தோசை போடச் சொன்னேன்.

மறுநாள் காலையில் அந்தப் பெட்டியைப் போட்டதும், 'ஒழுங்காக அணைக்கப்படவில்லை' என்ற பொருளில் திரையில் ஆங்கிலத்தில் எழுத்து வந்தது. அப்புறம் அது தன் வட்டை, அதாவது ஹார்ட் டிஸ்க்கை, தானே சோதித்துக்கொண்டது, ஒரு பட்டை மெதுவாக நிறைந்தது. ஆட்டம் திறந்தது. ஆனால் அவன் சேமித்து வைத்திருந்த கோப்பு கெட்டுப்போயிருந்தது. பொங்கல் விடுமுறையிலிருந்து கொஞ்சம் கொஞ்சமாக ஆடி வந்த கதை, மீண்டும் முதல் காட்சியில் வந்து நின்றது. அழுவான் என்று எதிர்பார்த்தேன். அழவில்லை. திரும்பி என்னைப் பார்த்து, "தாத்தா, நீங்க சப்ஸ்டேஷன்லயும் இப்படித்தான் ஆஃப் பண்ணுவீங்களா?" என்று கேட்டான்.

வாரியத்தில் வேலை பார்த்தவர்களுக்கு இந்தக் கேள்வி எங்கே போய்க் குத்தும் என்று தெரியும். லைனில் லோடு, அதாவது மின்சாரம், ஓடிக்கொண்டிருக்கும்போது யாரும் லைனைப் பிரிக்கும் ஐசொலேட்டரைத் திறக்க மாட்டார்கள். முதலில் பிரேக்கரைத் திறந்து மின்சாரத்தை நிறுத்த வேண்டும், அம்மீட்டர் முள் சுழிக்கு வந்துவிட்டதா என்று பார்க்க வேண்டும், அதற்கப்புறம்தான் ஐசொலேட்டரில் கை வைக்கலாம். வரிசையை மாற்றிச் செய்தால் கம்பிகளுக்கு நடுவே நெருப்பு வில்லாக எழும்பும், அதைப் பார்த்தவன் மறுபடி அந்தத் தப்பைச் செய்ய மாட்டான். இரண்டு கருவியும் லைனைப் பிரிக்கத்தான் இருக்கின்றன. ஆனால் ஓடுகிற மின்சாரத்தை நிறுத்தும் திராணி பிரேக்கருக்குத்தான் உண்டு. இதைப் புது ஆட்களுக்கு எத்தனையோ தடவை சொல்லிக் கொடுத்தவன், வீட்டில் லோடோடு ஐசொலேட்டரை இழுத்திருக்கிறேன்.

எங்கள் தலைமுறைக்கு இது தெரியாமல் போனதற்கு ஒரு காரணம் இருக்கிறது. தொண்ணூறுகளில் என் மகளுக்கு வாங்கிக் கொடுத்த டி.வி. கேமில் கறுப்புக் கேசட்டைச் சொருகி ஆடுவார்கள். காளானைத் தின்று வளரும் மீசைக்காரன் ஒருவன் ஓடிக்கொண்டே இருப்பான். போதும் என்றால் பட்டனைத் தட்டினால் சரி. அதில் கெடுவதற்கு ஒன்றும் இல்லை, ஏனென்றால் சேமிப்பதற்கே ஒன்றும் இல்லை. மறுநாள் முதலிலிருந்து ஓட வேண்டியதுதான். அந்தப் பழக்கம் கையிலேயே தங்கிவிட்டது. ஆனால் அந்தக் காலத்திலும், உள்ளே சின்ன பேட்டரி வைத்துச் சேமிக்கும் நிண்டெண்டோ கேசட்டுகள் இருந்திருக்கின்றன. அவற்றில் சிலவற்றை அணைக்க, ரீசெட் பட்டனை அழுத்திப் பிடித்தபடியே பவரை அணைக்க வேண்டுமாம். மாப்பிள்ளை சொன்னபோது சிரிப்பு வந்தது. வரிசை என்பது 1980களிலேயே இதற்குள் நுழைந்துவிட்டது, நமக்குத்தான் சேதி வரவில்லை.

சரி, இப்போதைய பெட்டிக்குள் என்ன நடக்கிறது? நான் புரிந்துகொண்ட வரை சொல்கிறேன். ஆட்டம் ஓடும்போது அதன் அந்த நேரத்து நிலைமை எல்லாம் தற்காலிக நினைவகத்தில் இருக்கிறது. மின்சாரம் போனால் அதுவும் போகும். சேமிக்கும்போது மட்டும்தான் அது வட்டில் எழுதப்படுகிறது. பல ஆட்டங்களில் திரை மூலையில் சின்ன வட்டமோ வேறு ஏதோ குறியோ சுழலும், அதுதான் எழுதிக்கொண்டிருக்கிறது என்பதற்கு அடையாளம். அந்த நொடியில் மின்சாரத்தை நிறுத்தினால் பாதி எழுதிய கோப்பு கிடைக்கும். பழைய நகல் ஒன்றைப் பத்திரமாக வைத்துக்கொண்டு புதியதை எழுதும் ஆட்டங்களும் உண்டு, எல்லாமே அப்படி இல்லை. எங்கள் பெட்டியில் இருப்பது சுழலும் வட்டு வேறு. ஓடும் வட்டுக்குத் திடீரென்று மின்சாரம் நிற்பது நல்லதில்லை.

பிள்ளைகள் பக்கமும் குற்றம் இருக்கிறது, அதையும் சொல்லியாக வேண்டும். "மூடிட்டேன் தாத்தா" என்று பேரன் சொல்லும்போதெல்லாம் அவன் உண்மையில் மூடியிருக்க மாட்டான். கையில் வைத்திருக்கும் கன்ட்ரோலரில் நடுவே பி.எஸ். பட்டன் இருக்கிறது. அதை அழுத்தினால் ஆட்டம் மறைந்து முதல் திரை வரும். பார்ப்பவர்களுக்கு ஆட்டம் முடிந்தது போலத் தெரியும். ஆனால் அது பின்னால் அப்படியே நின்றுகொண்டிருக்கும். ஊருக்கு மின்சாரம் கொண்டுபோகும் ஃபீடர் லைனை அணைக்காமல் கன்ட்ரோல் ரூம் கதவை மட்டும் சாத்திவிட்டு வருவது போல.

நிஜமாக மூடுவதற்கு, முதல் திரையில் அந்த ஆட்டத்தின் படத்தில் நின்று ஆப்ஷன்ஸ் பட்டனை அழுத்த வேண்டும். வருகிற பட்டியலில் 'குளோஸ் அப்ளிகேஷன்' என்று இருக்கும், அதைக் கொடுக்க வேண்டும். அதற்கு முன்னால் ஆட்டத்துக்குள்ளேயே சேமித்திருக்க வேண்டும், மூடும்போது அது தானாகச் சேமித்துக்கொள்ளாது. அதன் பிறகு பி.எஸ். பட்டனைச் சற்று நேரம் அழுத்திப் பிடித்தால் வரும் பட்டியலில், பவர் என்ற பகுதிக்குப் போய் 'டர்ன் ஆஃப்' கொடுக்க வேண்டும். பெட்டியில் உள்ள சின்ன வெள்ளை விளக்கு விட்டுவிட்டு மினுக்கும். அது அடங்கி இருண்ட பிறகுதான் சுவர் சுவிட்ச். இந்த விளக்குதான் என் அம்மீட்டர். இதைக் கற்றுக்கொள்ள எனக்கு ஒரு மாலை ஆயிற்று, கூலியாக இரண்டு கடலை மிட்டாய் கொடுத்தேன்.

இதில் பெரியவர்களை ஏமாற்றும் இன்னொரு விளக்கு உண்டு. ஆரஞ்சு நிறம். 'ரெஸ்ட் மோட்' என்று அந்தப் பட்டியலிலேயே இருக்கும். அதைக் கொடுத்தால் பெட்டி தூங்குகிறது, அணைந்துவிடவில்லை. ஆட்டத்தை நினைவகத்தில் அப்படியே வைத்துக்கொண்டு கொஞ்சம் மின்சாரத்தை உறிஞ்சிக்கொண்டிருக்கும். மறுநாள் விட்ட இடத்திலிருந்து உடனே ஆடலாம் என்பதால் பிள்ளைகளுக்கு இதுதான் பிடிக்கும். மின்தடையே இல்லாத ஊருக்குச் சரி. நம் ஊருக்கு?

பேரன் ஒருநாள் இரவு சேமிக்காமலேயே ரெஸ்ட் மோடில் போட்டுவிட்டுத் தூங்கப் போய்விட்டான். மறுநாள் மாதாந்திரப் பராமரிப்புக்காகக் காலை 9 மணிக்கு எங்கள் பகுதியில் மின்சாரம் நின்றது. எங்கள் வீட்டு இன்வெர்ட்டர் ஃபேனுக்கும் லைட்டுக்கும்தான், டி.வி. பாயின்ட் அதில் இல்லை. சாயங்காலம் போட்டுப் பார்த்தால் மறுபடி அதே 'ஒழுங்காக அணைக்கப்படவில்லை' எழுத்து. நல்ல வேளையாகக் கோப்பு கெடவில்லை. ஆனால் முந்தின இரவு ஆடிய ஒரு மணி நேரம் போயே போய்விட்டது. இந்தத் தடவை நான் சுவிட்ச் பக்கமே போகவில்லை. எனக்குக் கொஞ்சம் சந்தோஷமாகக்கூட இருந்தது என்பதை மறைப்பானேன்.

இப்படி இரண்டு மூன்று தடவை ஆன பிறகு பெட்டி மந்தமாகிவிட்டது, படங்கள் வரவே நேரம் எடுத்தது. மாப்பிள்ளை அதைச் சரிசெய்த விதம் மற்றவர்களுக்கும் உதவலாம். பெட்டியை முழுதாக அணைத்துவிட்டு, அதன் பவர் பட்டனை இரண்டாவது பீப் சத்தம் கேட்கும்வரை விடாமல் அழுத்திக்கொண்டிருந்தார், ஏழு விநாடி போல ஆகும். கன்ட்ரோலரை ஒயரில் இணைத்தார். வந்த பட்டியலில் 5-ஆவதாக 'ரீபில்ட் டேட்டாபேஸ்' இருந்தது, அதைக் கொடுத்ததும் உள்ளே உள்ளதை எல்லாம் மறுபடி அடுக்கிக்கொண்டது. ஆட்டங்கள் போகவில்லை. ஆனால் கை தவறி அதற்குக் கீழே உள்ள 6-ஐக் கொடுத்துவிடாதீர்கள், அது பெட்டியைத் துடைத்து வெறுமையாக்கிவிடும். இன்னொன்றும் செய்தார். சேமித்த கோப்புகளைப் பென் டிரைவில் நகல் எடுத்து வைத்தார். முதலிலேயே செய்திருந்தால் என் பெயர் கெட்டிருக்காது. பிளேஸ்டேஷன் 5-க்கென்றே வந்த ஆட்டங்களில் இப்படிப் பென் டிரைவில் எடுக்க முடியாது, சந்தா கட்டி இணையத்தில்தான் வைத்துக்கொள்ள வேண்டும் என்றார்.

மற்ற பெட்டிகளிலும் சங்கதி இதுதான், பட்டன்தான் வேறு. பிளேஸ்டேஷன் 5-இல் பி.எஸ். பட்டனை அழுத்திப் பிடித்தால்தான் முதல் திரை வரும், அப்புறம் அதே ஆப்ஷன்ஸ். சிங்கப்பூரிலிருந்து வந்த மைத்துனர் பேத்தி நிண்டெண்டோ ஸ்விட்ச் வைத்திருந்தாள். ஹோம் பட்டனை அழுத்திவிட்டு எக்ஸ் பட்டனைத் தட்டினால் மூடட்டுமா என்று அது கேட்கிறது. அதில் பேட்டரி இருப்பதால் மின்தடை பற்றி அவளுக்குக் கவலையே இல்லை. எக்ஸ்பாக்ஸில் மூன்று கோடு போட்ட பட்டனை அழுத்தி 'க்விட்' கொடுக்க வேண்டும். அதன் புதிய பெட்டிகள் பல ஆட்டங்களின் நிலையை வட்டிலேயே எழுதி வைத்துக்கொள்வதால் பிளக்கைக் கழற்றினாலும் தாங்கும் என்கிறார்கள். என்னைக் கேட்டால் அதையும் நம்பி உட்காராமல் சேமித்து விடுவது நல்லது.

இணையத்தில் மற்றவர்களோடு சேர்ந்து ஆடும் ஆட்டம் தனி ரகம். அதை நிறுத்தி வைக்கவே முடியாது. பாதியில் எழுந்தால் அணியில் உள்ள மற்றவர்கள் தவிப்பார்கள், பல ஆட்டங்களில் தோற்றதாகவே கணக்கு வைத்துவிடுவார்கள். தாயக்கட்டத்தில் காய் வெட்டுப்படப் போகிற நேரத்தில் பாயைச் சுருட்டியவனை நாம் என்ன சொல்லியிருப்போம்? அதனால் இப்போது சாப்பாட்டுக்குக் கூப்பிடுவதற்கு முன், "ஒரு ஆட்டம் முடிய எவ்வளவு நேரம்டா?" என்று கேட்டுவிடுகிறேன். பெரும்பாலும் பத்துப் பதினைந்து நிமிடம் என்கிறான். அது முடிந்ததும் அடுத்ததைத் தொடங்கக் கூடாது, அதில் நான் விட்டுக்கொடுப்பதில்லை.

இப்போது எங்கள் வீட்டில் எல்.சி. முறை நடக்கிறது. லைனில் வேலை செய்யப் போகிறவர் எல்.சி., அதாவது லைன் அணைக்கப்பட்டுவிட்டது என்று உறுதி சொல்லும் லைன் கிளியர் அனுமதி, வாங்காமல் கம்பத்தில் ஏறக் கூடாது என்பது வாரியத்து விதி. இரவு எட்டே முக்காலுக்கு நான் ஹால் வாசலில் நின்று "எல்.சி. கிடைக்குமா?" என்பேன். "சேவ் ஆச்சு. குளோஸ் ஆச்சு. ஆஃப் ஆச்சு. லைட் போச்சு" என்று உள்ளேயிருந்து பதில் வரும். நான் போய் விளக்கை ஒரு தடவை பார்த்துவிட்டுச் சுவர் சுவிட்சை அணைப்பேன். முதல் வாரம் அவனுக்கு இது விளையாட்டாக இருந்தது. இப்போது நான் மறந்தால் அவனே கூப்பிட்டு எல்.சி. கொடுக்கிறான். என் மனைவிக்கு இரண்டு பேரையும் பார்த்தால் எரிச்சல்தான், தோசை இன்றும் ஆறத்தான் செய்கிறது.

கட்டுரை எழுதியவரிடம் எனக்குக் கோபம் இல்லை. அடுத்த தடவை அந்த வரியை மட்டும் மாற்றி, மூன்று தடவை சொல்லும் நேரத்தில் முதல் தடவையிலேயே 'சேமித்துவிட்டு மூடு' என்று சொல்லச் சொல்லுங்கள். கூடவே இன்னொரு கோரிக்கை. நாளைய மின்தடை அறிவிப்பு எங்கள் பகுதிப் பதிப்பில் சில நாள் மின்சாரம் நிற்கிற அன்று காலையில்தான் வருகிறது. முந்தின நாளே போட்டால், இரவு எட்டே முக்காலுக்கு எங்கள் வீட்டில் அது உதவும்.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற மின் வாரிய ஊழியர்,
கோவில்பட்டி.