எஸ்எஸ்டி வாங்கினால் கடைசி வரியைப் பாருங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

எங்கள் சுங்கை சிப்புட் போன்ற தோட்டப்புறப் பட்டணங்களில், பழைய மடிக்கணினியின் ஹார்டு டிஸ்கைக் கழற்றிவிட்டு எஸ்எஸ்டி (சுழலும் தட்டு இல்லாமல் சில்லுகளில் தரவைச் சேமிக்கும் வட்டு) போடுவது இப்போது சர்வசாதாரணம். போட்ட காசுக்குப் பலனும் உண்டு. ஆனால் பெட்டிமேல் உள்ள ‘விநாடிக்கு 550 எம்பி வரை’ என்பதை மட்டும் பார்த்து வாங்குகிறார்கள். அது பெரிய கோப்பு ஒன்றை வரிசையாகப் படிக்கும் வேகம். விண்டோஸ் எழும்புவதும் பிரவுசர் திறப்பதும், அங்கொன்றும் இங்கொன்றுமாகக் கிடக்கும் சின்னச் சின்னத் துண்டுகளைப் பொறுக்குகிற வேலை.

வட்டின் வேகத்தை அளக்கும் கிரிஸ்டல் டிஸ்க் மார்க் என்ற இலவச மென்பொருளை ஓட்டினால் நான்கு வரி வரும். கடைசி வரி ‘ஆர்என்டி4கே கியூ1டி1’: 4 கேபி துண்டு, ஒரு நேரத்தில் ஒரே கோரிக்கை. சாட்டா என்பது பழைய மடிக்கணினிகளில் உள்ள இணைப்பு வகை; நல்ல சாட்டா எஸ்எஸ்டிகூட இதில் விநாடிக்கு 25 முதல் 45 எம்பிதான் படிக்கும். உடனே கடைக்காரரிடம் சண்டைக்குப் போக வேண்டாம். ஹார்டு டிஸ்க் இதே சோதனையில் 1 எம்பியைத் தொடவே திணறும். பெட்டியில் ‘90,000 ஐஓபிஎஸ்’ (விநாடிக்கு முடிக்கும் கோரிக்கைகளின் எண்ணிக்கை) என்று இருந்தால், அது 32 கோரிக்கைகளை ஒன்றாக வரிசையில் நிறுத்தி எடுத்த கணக்கு. ஒரு துண்டின் அளவான 4,096 பைட்டால் பெருக்கினால் விநாடிக்குச் சுமார் 369 எம்பி. வீட்டுக் கணினியில் அவ்வளவு பெரிய வரிசை சேர்வதே அபூர்வம்.

அந்தக் கடைசி வரியில் எழுதும் வேகம் படிக்கும் வேகத்தை மிஞ்சி நிற்கும். தரவு தற்காலிக நினைவகத்தில் விழுந்ததுமே எஸ்எஸ்டி ‘எழுதியாச்சு’ என்று சொல்லிவிடுகிறது. படிப்பதற்கோ தரவு நிரந்தரமாகக் கிடக்கும் ஃபிளாஷ் சில்லு வரை போய்த்தான் ஆகவேண்டும்.

மென்பொருளில் சோதனை அளவு 1 ஜிபி என்றே இருக்கும். அதை 32 ஜிபியாக மாற்றுங்கள். எந்தத் தரவு எங்கே கிடக்கிறது என்ற அட்டவணைக்கு 1 ஜிபிக்கு 1 எம்பி இடம் தேவை. டிராம் (அட்டவணையை வைத்துக்கொள்ளும் வேக நினைவகம்) இல்லாத மலிவு எஸ்எஸ்டி 1 எம்பி அட்டவணையைச் சமாளித்துவிடும். 32 எம்பி என்றால் ஒவ்வொரு தடவையும் அட்டவணையையே தேடி ஓடும், எண் சரியும். முக்கால்வாசி நிரம்பிய பிறகு மறுபடி ஓட்டிப் பார்ப்பது இன்னும் நல்லது. காலி எஸ்எஸ்டி எப்போதும் சமர்த்தாகத்தான் நடந்துகொள்ளும்.

கியூ32 வரியும் (32 கோரிக்கைகளை ஒன்றாகக் கொடுக்கும் சோதனை) கியூ1 வரியும் ஏறக்குறைய ஒன்றாக இருந்தால், பயாஸ் (கணினி எழும்போது முதலில் ஓடும் அடிப்படை அமைப்பு) இன்னும் ஐடிஇ என்ற பழைய வட்டு முறையில் இருக்கக்கூடும்; பல கோரிக்கைகளை ஒன்றாக ஏற்கும் ஏஎச்சிஐ முறைக்கு மாற்ற வேண்டும். நேரே மாற்றினால் விண்டோஸ் நீலத்திரையில் விழுந்துவிடலாம். முதலில் விண்டோஸில் சேஃப் மோட் (அவசியமானவற்றை மட்டும் ஏற்றும் முறை) துவக்கத்தைப் போட்டு, பயாஸில் மாற்றி, ஒருமுறை எழுப்பிய பின் சேஃப் மோடை எடுத்துவிடுங்கள்.

எஸ்எஸ்டி மாற்றித் தரும் கடைகள் ரசீதோடு அந்த நான்கு வரிப் படத்தையும் அச்சடித்துக் கொடுக்கலாமே. 1 ஜிபி சோதனை சில நிமிட வேலைதான்.

கணினி பழுதுபார்ப்பவர்,
சுங்கை சிப்புட், பேராக்.